எட்டேகால் பஸ்ஸின் ஊசிப் பொண்ணு

அத்தியாயம் 12

ஐந்தரைக்கு எழுந்தேன். மோட்டார் போட்டேன். டேங்க் நிறையும் வரை நின்றேன். நிறுத்தினேன். அரிசி களைந்து குக்கரில் வைத்தேன். மூன்று விசில். பாப்பாவின் யூனிபார்மை இஸ்திரி போட்டேன். அவளை எழுப்பினேன். பல் தேய்த்துவிட்டேன். குளிப்பாட்டினேன். இரட்டைச் சடை பின்னினேன். இப்போதெல்லாம் வகிடு நேராக வருகிறது. பால் கொடுத்தேன். பாதி குடித்தாள். மீதியை நான் குடித்தேன்.

ஏழரைக்கு எதிர்வீட்டு பிரவீணா டீச்சர் ஸ்கூட்டியில் அவளை ஏற்றிக்கொண்டு போனார். பாப்பா கையாட்டினாள். நானும் ஆட்டினேன்.

வழக்கமாக அதன்பின் பைக்கை எடுத்து வேப்பந்தட்டை விவசாய ஆபீசுக்குப் போவேன். இன்று லீவு சொல்லியிருந்தேன். நடந்தே பெரம்பலூர் பஸ் ஸ்டாண்டுக்குப் போனேன்.

போன வாரம் விட்ட இடத்தைச் சொல்லிவிடுகிறேன்.

என் மனைவி வினோதினி இறந்து பதினான்கு மாதம் ஆகிறது. அரியலூரில் ஒரு லேப்பில் வேலை பார்த்தாள். தினமும் எட்டேகால் பஸ். ஒரு செவ்வாய்க்கிழமை அந்த பஸ்ஸிலேயே அவளுக்கு மூளையில் ரத்தக்கசிவு. பஸ்ஸை நேராக ஆஸ்பத்திரிக்கு விட்டிருக்கிறார்கள். வேப்பந்தட்டையிலிருந்து நான் போய்ச் சேர்வதற்குள் முடிந்துவிட்டது. கடைசியில் அவள் பக்கத்தில் இருந்தது, அரியலூரிலேயே இருக்கும் என் மாமியார் பூங்காவனம் மட்டும்தான்.

பதினாறாம் நாள் காரியத்தன்று வந்தவர்கள் எல்லோரும் ஒரே கேள்வியைக் கேட்டார்கள். "கடைசியா என்னம்மா சொல்லுச்சு?" எங்கள் பக்கத்தில் அதைக் கேட்காமல் போகமாட்டார்கள். கடைசியாக ஏதாவது தின்னக் கேட்டிருந்தால் திதிக்குத் திதி அதைப் படைப்பார்கள். ஏதாவது காரியம் சொல்லியிருந்தால் வருஷம் திரும்பியதும் அதைச் செய்து முடிப்பார்கள்.

அத்தை சொன்னார்: "கண்ணத் தொறந்து என்னயப் பாத்தா. 'புள்ளைய சிந்துகிட்ட குடுத்துரும்மா'ன்னா. அவ்வளவுதான்."

சிந்து வினோவின் தங்கை. இருபத்து மூன்று வயது. கோயம்புத்தூர் கம்பெனி ஒன்றில் வேலை கிடைத்திருக்கிறது. வருகிற திங்கட்கிழமை போய்ச் சேர வேண்டும். ஆனால் வருஷம் திரும்பிவிட்டது. இன்று வியாழக்கிழமை. பதினோரு மணிக்கு ஜெயங்கொண்டத்திலிருந்து அத்தையின் தம்பி செல்லப்பன் வருகிறார். எனக்கும் சிந்துவுக்கும் பூ வைக்க நாள் குறிக்க.

நான் சரி என்று சொல்லவில்லை. வேண்டாம் என்றும் சொல்லவில்லை. உண்மையைச் சொன்னால், சும்மா இருப்பது எனக்கு வசதியாக இருந்தது. செத்தவள் சொல்லிவிட்டுப் போனாள் என்றால் யாரும் எதுவும் யோசிக்க வேண்டியதில்லை.

சிந்துதான் யோசித்தாள். ஆஸ்பத்திரி நர்ஸ் ஒருத்தரைப் பிடித்தாள். "பஸ்ஸுல வந்த ஒரு அம்மா கூடவே இருந்தாங்க. பேரு தெரியல" என்று அவர் சொல்லியிருக்கிறார். அதன்பின் ஒரு வாரம், விடிகாலையில் அரியலூரிலிருந்து பெரம்பலூர் வந்து, எட்டேகால் பஸ்ஸில் ஏறித் திரும்பியிருக்கிறாள். நேற்று எனக்கு மெசேஜ் வந்தது. "கிடைச்சுட்டாங்க மாமா. நாளைக்கு பஸ்ஸுக்கு வாங்க, சேந்தே கேப்போம்."

*

பஸ் ஸ்டாண்டில் சிந்து வாழைப்பழம் உரித்துக்கொண்டு நின்றாள்.

"சாப்ட்டீங்களா மாமா?"

"பால் குடிச்சேன்."

"பாப்பா வச்ச மிச்சமா?"

ஒரு பழத்தைப் பிய்த்துக் கையில் திணித்தாள்.

பஸ் வந்தது. நிற்பதற்கு முன்பே ஜன்னல்களை நோக்கிக் கைகள் நீண்டன. துண்டு, கைக்குட்டை, சாப்பாட்டுப் பை. ஒரு சீட்டில் பை விழுந்துவிட்டால் அந்தச் சீட்டு அந்தப் பையினுடையது. ஒரே பெண் மூன்று பைகளைப் போட்டார். ஆள் ஒருத்தர்.

"ஏங்க, பை மூணு ஏறிருச்சு, ஆளு ஒண்ணுதான் வருது. பைக்கெல்லாம் டிக்கெட் கிழிச்சுரவா?" என்றார் கண்டக்டர்.

"கிழிங்க. பைக்கு அரை டிக்கெட்டு."

"வாய்க்கு?"

"அதுக்கு உங்களால குடுக்க முடியாது."

பஸ் சிரித்தது. அந்தப் பெண் எங்களைப் பார்த்தார். பைகளில் இரண்டை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். எங்களுக்குத்தான் இடம் பிடித்திருக்கிறார். சிந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள். நான் ஓரத்தில்.

நாற்பத்தைந்து வயது இருக்கும். விரல் நுனிகளில் மெல்லிய கோடுகள். அரியலூரில் மோட்டாருக்குக் காயில் கட்டுகிற கடையில் வேலை என்று சிந்து சொல்லியிருந்தாள். செம்புக் கம்பி அறுத்த கோடுகள்.

"ஊசிப் பொண்ணு வூட்டுக்காரரா?" என்றார்.

எனக்குப் புரியவில்லை.

"எல்லாருக்கும் ரத்தம் எடுக்கும்ல. அதான் ஊசிப் பொண்ணு. நான் காயில் அக்கா. பின்னால இருக்காரே, அவரு வாத்தியாரு."

காயில் அக்கா. அந்தப் பெயர் எனக்குத் தெரியும்.

ராத்திரி சாப்பாட்டுக்குப் பிறகு வினோ துணி மடிப்பாள். மடித்துக்கொண்டே பேசுவாள். காயில் அக்கா இன்று எலுமிச்சை சோறு கொண்டுவந்தது. வாத்தியார் பேத்திக்கு மொட்டை போட்டது. கண்டக்டர் மச்சினிச்சிக்கு இரட்டைப் பிள்ளை. நான் போனைப் பார்த்துக்கொண்டு 'ம்' கொட்டுவேன்.

ஒரு நாள் கேட்டேன். "காயில் அக்கான்னா யாரு? பேரு என்ன?"

"தெரியாது."

"ரெண்டு வருஷமா ஒரே சீட்டுல வர்றீங்க. பேரு தெரியாதா?"

"பஸ்ஸுல பேரு கேக்கமாட்டோம்."

"ஏன்?"

"அது அப்படித்தான்" என்று என் சட்டையை உதறி மடித்தாள். நான் மறுபடியும் போனைப் பார்த்தேன்.

அந்த 'ஏன்' இப்போது மறுபடி வந்தது. காயில் அக்காவிடம் கேட்டேன்.

அவர் ஜன்னல் பக்கம் பார்த்தபடி சொன்னார். "பேரு கேட்டா அடுத்தது ஊரு கேக்கணும் தம்பி. ஊரச் சொன்னா எந்தத் தெருன்னு கேக்கணும். அப்புறம் யாரு பக்கத்துல யாரு உக்கார்றதுன்னு பாக்கணும். அதெல்லாம் எறங்கி நடக்கும்போது இருக்கவே இருக்கு. இந்த ஒரு மணி நேரமாச்சும் வேண்டாமேன்னுதான்."

நான் பிறந்ததிலிருந்து இந்தப் பக்கத்தில்தான் இருக்கிறேன். இதை யாரும் எனக்குச் சொன்னதில்லை. எனக்குச் சொல்ல வேண்டிய அவசியம் இருந்ததில்லை.

பஸ் ஊரைத் தாண்டியது. மக்காச்சோளக் கொல்லைகள். எதிரில் சிமெண்ட் லாரிகள் வரிசையாக வந்தன. ஒவ்வொன்று கடக்கும்போதும் ஜன்னலோரம் இருந்தவர்கள் ஒன்றுபோல மூக்கைப் பொத்தினார்கள்.

பின்னால் இருந்து வாத்தியார் குனிந்தார். "தம்பி, எனக்கு சுகர் இருக்குன்னு கண்டுபுடிச்சதே அந்தப் பொண்ணுதான். 'வாத்தியாரே, தண்ணி ரொம்பக் குடிக்கிறீங்க, லேப்புக்கு வாங்க'ன்னுச்சு. அன்னையிலேர்ந்து என் பையில என்ன இருக்குன்னு சோதனை. ஒரு தரம் ஜிலேபிய புடுங்கி கண்டக்டருக்குக் குடுத்துருச்சு."

"நல்ல ஜிலேபி" என்றார் கண்டக்டர்.

"உமக்கென்னய்யா."

"பேரளி தாண்டுனா தூங்கிரும்" என்றார் காயில் அக்கா. "வாயத் தொறந்துக்கிட்டு. என் தோள்லதான். எச்சி வழியும். எந்திரிச்சதும் தொடச்சுவுட்டு, 'நான் தூங்கவே இல்ல'ங்கும்."

வீட்டிலும் அதைத்தான் சொல்வாள். வாய் திறந்து தூங்குவதை ஒருமுறை போட்டோ எடுத்துக் காட்டினேன். இரண்டு நாள் பேசவில்லை. அந்தப் போட்டோவை அழிக்க வைத்தாள். இப்போது அது இல்லை.

சிந்து அழுதுகொண்டிருந்தாள். சத்தமில்லாமல். காயில் அக்கா தன் முந்தானையை எடுத்து அவள் கையில் கொடுத்தார். அவள் அதில் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"அந்த செவ்வாய்க்கிழமை..." என்றேன்.

"பேரளி தாண்டியும் தூங்கல. தலை வலிக்குதுக்கான்னுச்சு. புடிச்சுவுட்டேன். அப்புறம் மடியில சாஞ்சுருச்சு. மூஞ்சியப் பாத்ததும் எனக்குத் தெரிஞ்சுபோச்சு. வாத்தியாரு டிரைவர்கிட்ட ஓடுனாரு. அதுக்கப்புறம் பஸ்ஸு எங்கயும் நிக்கல. வழியில எறங்குறவங்க பதினஞ்சு பேரு இருந்தாங்க. ஒருத்தரும் எறங்கணும்னு கேக்கல. மொத்த பஸ்ஸும் ஆஸ்பத்திரிக்கு வந்துச்சு."

"எனக்கு மெமோ குடுத்தாங்க. மொத தடவையா சந்தோசமா வாங்கிக்கிட்டேன்" என்றார் கண்டக்டர். அப்போது அவர் விளையாட்டாகப் பேசவில்லை.

சிந்து முந்தானையை விட்டாள். "அக்கா கடைசியா என்ன சொன்னா? உங்ககிட்ட ஏதாவது சொன்னாளா?"

"சொன்னுச்சு. அதுக்கப்புறம் வாயே தொறக்கல. கண்ணும் தொறக்கல."

"எங்க அம்மாவப் பாத்து கண்ணத் தொறந்தான்னு..."

"இல்லம்மா. ஸ்ட்ரெச்சர்ல படுக்க வச்சு நான்தான் கையப் புடிச்சிருந்தேன். அதோட போன் அடிச்சுது. அம்மான்னு வந்துச்சு. எடுத்து வெவரம் சொன்னேன். பத்து நிமிசத்துல வந்துட்டாங்க. அப்பவே நெனவு இல்ல."

சிந்து என்னைப் பார்த்தாள். அத்தை எங்களிடம் சொன்னது வேறு. போனை எடுத்தது நர்ஸ் என்று சொல்லியிருந்தார்.

"அம்மாகிட்ட நீங்க பேசுனீங்களா?"

"பேசுனேன். உங்க பொண்ணு கடைசியா இன்னது சொன்னுச்சும்மான்னு சொன்னேன். என் ரெண்டு கையயும் புடிச்சுக்கிட்டாங்க. 'மகராசி, நீ யாரு பெத்த புள்ளையோ'ன்னு அழுதாங்க. பேரு கேட்டாங்க. ஆண்டாயின்னேன். ஊரு கேட்டாங்க. சொன்னேன். எந்தத் தெருன்னாங்க. அதையும் சொன்னேன்."

தன் உள்ளங்கைகளைத் திருப்பிப் பார்த்தார்.

"கையை எடுத்துட்டாங்க. நான் வேலைக்குப் போயிட்டேன்."

மன்னிப்பு என்ற சொல் வாய்வரை வந்தது. சொல்வதற்கு அது ரொம்பச் சின்னதாக இருந்தது.

"எங்க அக்கா என்ன சொன்னான்னு நீங்களே சொல்லிடுங்கக்கா" என்றாள் சிந்து. "இன்னிக்குப் பதினோரு மணிக்குப் பேசி முடிச்சுருவாங்க."

"நான் சொன்னா உங்க வூட்ல எடுபடாது கண்ணு. 'எவ சொன்னா'ன்னு உங்க மாமன் கேப்பாரு. நீ சொல்லுவ. அத்தோட என் பேச்சு செத்துரும். உங்க அம்மா வாயால வரட்டும். அதான் நிக்கும்."

அரியலூர் வந்தது. எல்லோரும் எழுந்தார்கள். வாத்தியார் என் தோளைத் தொட்டார்.

"தம்பி, அந்தப் பொண்ணு பேரு என்ன?"

"வினோதினி."

கண்டக்டர் விசிலை ஊதாமல் நின்றார். பின்னால் இருந்த ஒரு அம்மா பக்கத்தில் இருந்தவளிடம் மெதுவாகச் சொன்னது கேட்டது. "வினோதினியாம்."

*

அத்தை வீட்டில் கேசரி வாசனை. செல்லப்பன் மாமா முன்னதாகவே வந்துவிட்டார். பேனுக்கு நேர் கீழே உட்கார்ந்து காலண்டர் தாள்களைத் தூக்கித் தூக்கிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"வாங்க மாப்ள. எங்கேர்ந்து ரெண்டு பேரும் ஒண்ணா வர்றீங்க? நல்ல சகுனம்தான்."

"பஸ்ஸுல பாத்தேன் மாமா."

"வளர்பிறையில ரெண்டு நாளு இருக்கு. மண்டபக்காரன் நம்ம பய. போன் போட்டா போதும். ஏய் சிந்து, மூஞ்சி என்ன இப்படி இருக்கு? போயி கழுவு. பூ வை."

"கோயம்புத்தூர்ல திங்கக்கெழம சேரணும் மாமா."

"அட, ஊருல இல்லாத வேல. மாப்ள ஆபீசுல இருக்காருல்ல, பத்தாதா?"

நான் நேராக உள்ளே போனேன். அத்தை பின்கட்டில் வடைக்கு வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தார்.

"வாங்க மாப்ள. காபி கொண்டாரேன், முன்னால உக்காருங்க."

"அத்தை, வினோ கடைசியா என்ன சொன்னா?"

"அதான் தெரியுமே. புள்ளைய சிந்துகிட்ட..."

"ஆண்டாயி அக்காவைப் பாத்தோம்."

கத்தி நின்றது.

"எந்த ஆண்டாயி?"

"நீ கையப் புடிச்சு அழுத ஆண்டாயி" என்றாள் சிந்து. கதவில் சாய்ந்து நின்றிருந்தாள். "அப்புறம் கையை எடுத்தியே."

அத்தை எழுந்தார். மறுபடி படியில் உட்கார்ந்துவிட்டார். கோபமாகத்தான் ஆரம்பித்தார்.

"எத்தன பேரு கேட்டாங்க தெரியுமாடி? ஒவ்வொருத்தியும் வந்து கட்டிப்புடிச்சுக்கிட்டு, என்ன சொன்னா என்ன சொன்னான்னு. எங்கிட்ட ஒண்ணுமே சொல்லலன்னு எப்படிச் சொல்லுவேன்? பெத்தவ நான் கல்லு மாதிரி இங்க இருக்கேன். யாரோ ஒருத்திகிட்ட பேசிட்டுப் போயிட்டான்னு சபையில சொல்லவா?"

"அதுக்காக என் தலையில கட்டுவியா?"

"மொதல்ல ஒண்ணும் சேத்துச் சொல்லல. 'அம்மா'ன்னு சொன்னான்னுதான் சொன்னேன். அப்புறம் காரியத்துக்கு மொத நாளு பாப்பாவத் தூக்கி வச்சிருந்தப்ப பயம் வந்துருச்சு. இவருக்கு முப்பத்தோரு வயசு. நாளைக்கு இன்னொருத்தி வருவா. அவ எம் பேத்திய இந்த வாசப்படிய மிதிக்க விடுவாளா? வினோவும் போயி அவ புள்ளையும் போயிருச்சுன்னா எனக்கு என்னடி மிச்சம்? அந்தப் பயத்துல சொன்னேன். சொல்லச் சொல்ல, அவ அப்படித்தான் சொன்னாளோன்னு எனக்கே ஆயிருச்சு."

சிந்துவின் முகம் மாறியது.

முன்னறையிலிருந்து குரல் வந்தது. "பூங்காவனம், மண்டபக்காரன் லைன்ல இருக்கான். பத்தா, பதிமூணா? சீக்கிரம் சொல்லு."

சிந்து கதவை ஒருக்களித்துச் சாத்தினாள்.

நான் அத்தைக்கு எதிரில் தரையில் உட்கார்ந்தேன். "பாப்பாவ நான் எங்கயும் கொண்டுபோக மாட்டேன் அத்தை. அது வேற பேச்சு. எனக்கு வினோ சொன்னது வேணும். பதினாலு மாசமா நீங்க சொன்னதைத்தான் வச்சுக்கிட்டு இருக்கேன். அது அவ சொன்னது இல்ல. அவ சொன்னதைக் குடுங்க."

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். வெங்காயக் கையால் கண்ணைத் துடைத்தார். அது இன்னும் எரிந்திருக்க வேண்டும்.

"அந்தப் பொம்பள மடியில வாந்தி எடுத்துட்டாளாம். சேலை பூரா ஆயிருச்சாம். அப்பக் கொஞ்சம் தெளிஞ்ச மாதிரி நிமிந்து பாத்தாளாம். ஒங்களையும் கேக்கல மாப்ள. என்னையும் கேக்கல. புள்ளையக் கூடக் கேக்கல."

"என்ன சொன்னா?"

"மாப்ள!" என்று முன்னறையிலிருந்து மறுபடியும் குரல். "பதிமூணுன்னு சொல்லிட்டேன்!"

சிந்து திரும்பவில்லை. அத்தையின் உதடு இரண்டு தடவை அசைந்தது. பிறகு அவர் பேசியது அவர் குரலில் இல்லை. வினோ அவசரத்தில் பேசும்போது சொற்கள் ஒன்றன்மேல் ஒன்று ஏறி வரும். அப்படி வந்தது.

"'ஐயோ, உங்க சேலையப் பாழாக்கிட்டேனேக்கா. நாளைக்கு வரும்போது மறக்காம எடுத்துட்டு வாங்க. நான் தொவச்சுத் தரேன்.'"